ஆவாரம்பூவும் அப்பாவின் மைலோ டின்னும்

ஆவாரம்பூவை நான் முதன்முதலில் பார்த்தது செடியில் இல்லை, பிளாஸ்டிக் பையில்தான். கிள்ளான் ஜாலான் தெங்கு கிளானாவில், பூமாலைக் கடைகளைத் தாண்டியதும் வரும் ஒரு மளிகைக் கடையில், சுக்குக்கும் திப்பிலிக்கும் நடுவில் அது தொங்கிக்கொண்டிருந்தது. எனக்கு அப்போது பத்து வயது இருக்கும். பாட்டி அந்தப் பையை எடுத்து, முகர்ந்து பார்த்து, "இது பூவா? பூவோட பொணம்" என்று சொல்லிவிட்டு மறுபடியும் ஆணியில் மாட்டினார். கடைக்கார அண்ணன் சிரித்தார். பாட்டி சிரிக்கவில்லை.

பாட்டியும் அந்தப் பூவைச் செடியில் பார்த்தவர் இல்லை. பார்த்தது அவருடைய அம்மா. நாமக்கல் பக்கத்துக் கிராமம் ஒன்றிலிருந்து, 1938இல் இந்திய அரசாங்கம் தோட்டத்துக்கு ஆள் அனுப்புவதைத் தடை செய்வதற்குச் சில வருடங்களுக்கு முன்பு, கப்பலேறி வந்தவர். ஊரில் பொங்கலுக்கு முதல் நாள் காப்புக் கட்டுவார்கள். வேப்பிலை, சிறுபீளை, ஆவாரம்பூ மூன்றையும் சேர்த்துக் கட்டி வீட்டுக் கூரையிலும் மாட்டுக் கொட்டகையிலும் வயல் ஓரத்திலும் செருகுவார்கள். வெயிலில் நடக்கும்போது ஆவாரை இலையைத் தலையில் வைத்துத் துண்டைக் கட்டிக்கொண்டால் சூடு தெரியாதாம். இதெல்லாம் பாட்டிக்கு அவர் அம்மா சொல்லி, பாட்டி எனக்குச் சொன்னது.

ஆவாரை வறண்ட நிலத்துச் செடி. இந்தியாவின் காய்ந்த மாவட்டங்களும் இலங்கையின் வறண்ட பகுதிகளும்தான் அதற்குச் சொந்த ஊர். வருடம் முழுக்க மழை கொட்டும் கிள்ளான் தோட்டப்புறத்தில் அதற்கு என்ன வேலை? கொள்ளுப் பாட்டி லயத்துக்குப் பின்னால் கால்வாய் ஓரத்தில் நின்ற கெலெங்காங் பூவை ஒடித்து வந்து காப்புக் கட்டினாராம். படை, தேமலுக்கு மலாய்க்காரர்கள் இலையை அரைத்துப் பூசுவார்களே, அதே கெலெங்காங். தமிழில் சீமை அகத்தி. மெழுகுவர்த்தி மாதிரி நிமிர்ந்து நிற்கும் மஞ்சள் பூ. "மஞ்சளா இருந்தா போதும், சாமி கோவிச்சுக்காது" என்பாராம்.

பல வருடங்கள் கழித்துப் படித்தபோதுதான் தெரிந்தது, ஆவாரையும் சீமை அகத்தியும் பயறு, கடலை, புளி எல்லாம் சேர்ந்த அவரைக் குடும்பத்தில் ஒரே பேரினத்தைச் சேர்ந்தவை என்று. செடியியல் படிக்காத கொள்ளுப் பாட்டி சரியான சொந்தக்காரியைத்தான் தேடிப் பிடித்திருக்கிறார்.

இவ்வளவு கதை தெரிந்த குடும்பத்தில் பிறந்த நான்தான், ஆவாரம்பூவை வைத்து ஒரு பெரிய தவறு செய்தேன். அதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

நான் வானொலி அறிவிப்பாளர். காலை நிகழ்ச்சி. பாடலுக்கும் போக்குவரத்துச் செய்திக்கும் நடுவில் ஒரு நிமிடத்துக்குள் அடங்கும் சின்னச் சின்ன அங்கங்கள் எங்களுக்கு உண்டு. அதில் ஒன்று கைவைத்தியம். ஒரு நாள் சொல்ல எதுவும் தயாராக இல்லை. கைப்பேசியில் யாரோ அனுப்பிய ஆவாரம்பூ குறிப்பு இருந்தது. அதைக் கொஞ்சம் அழகாக்கிச் சொன்னேன். காய்ந்த பூவைக் கொதிக்க வைத்துக் காலையும் மாலையும் குடித்தால் இனிப்பு நீர் அடியோடு போய்விடும் என்றேன். 'ஆவாரை பூத்திருக்கச் சாவாரைக் கண்டதுண்டோ' என்ற பழமொழியைக் கடைசியில் சேர்த்து, குரலை ஏற்றி இறக்கி முடித்தேன். நாற்பது விநாடி இருக்கும். அடுத்தது பாட்டு.

அன்று வந்த குறுஞ்செய்திகள் எல்லாம் பாராட்டுத்தான். "அருமையான தகவல்", "எந்தக் கடையில் கிடைக்கும், தங்கச்சி?" என்று கேட்டார்கள். பிரிக்பீல்ட்ஸ் ஜாலான் துன் சம்பந்தனில் கிடைக்கும், கிள்ளானில் கிடைக்கும் என்று பதில் போட்டேன். பிறகு மறந்துவிட்டேன்.

என் அப்பா மறக்கவில்லை.

அப்பாவுக்கு அறுபத்தேழு வயது. போர்ட் கிள்ளானில் சரக்கு லாரி ஓட்டி ஓய்வு பெற்றவர். பன்னிரண்டு வருடமாக இனிப்பு நீர் இருக்கிறது. தினமும் காலையில் அடுப்படி ஜன்னலில் வானொலியை வைத்து என் நிகழ்ச்சியைக் கேட்பார். முடிந்ததும் ஒரு குறுஞ்செய்தி வரும்: "குரல் இன்னிக்குக் கொஞ்சம் கம்மல், வெந்நீர் குடி." அவ்வளவுதான் அவருடைய விமர்சனம்.

நான் கோலாலம்பூரில் வாடகை வீட்டில் இருக்கிறேன். வாரம் ஒருமுறை கொமுட்டர் ரயிலேறிக் கிள்ளானுக்குப் போவேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை போனபோது அப்பா காலைத் தூக்கி முக்காலியில் வைத்திருந்தார். வலது காலின் சுண்டுவிரலில் துணி சுற்றியிருந்தது. செருப்பு கடித்ததாம், மூன்று வாரம் ஆகிறதாம். துணியை அவிழ்த்தபோது வந்த வாடை இன்னும் என் மூக்கில் இருக்கிறது.

"மாத்திரை சரியா போடறீங்களாப்பா?"

"அதெல்லாம் எப்பவோ நிறுத்தியாச்சு பாப்பா. ஆவாரம்பூதான் குடிக்கிறேன். ரெண்டு வேளை. ஒரு நாள் விட்டதில்ல."

"யார் சொன்னாங்க நிறுத்தச் சொல்லி?"

அப்பா என்னைப் பார்த்த பார்வையில் குற்றச்சாட்டு எதுவும் இல்லை. கேள்விதான் அவருக்குப் புரியவில்லை. "நீதானம்மா சொன்ன. ரேடியோவுல."

மாத்திரையை நிறுத்துங்கள் என்று நான் சொல்லவில்லை. ஆனால் நோய் அடியோடு போய்விடும் என்று சொன்னேன். போய்விடும் என்றால் மாத்திரை எதற்கு? அப்பா சரியாகத்தான் புரிந்துகொண்டிருக்கிறார்.

மாத்திரைகளை அவர் தூக்கிப் போடவும் இல்லை. அரசாங்கம் கொடுத்த மருந்தை வீணாக்கக்கூடாது என்று, ஐந்து மாத மாத்திரையையும் பழைய மைலோ டின் ஒன்றில் பத்திரமாகப் போட்டு வைத்திருந்தார். டின்னைத் திறந்து மேசைமேல் கொட்டினேன். அட்டை அட்டையாக, ஒன்றுகூட உடைக்காத மெட்ஃபோர்மின்.

அன்று மாலையே மருத்துவமனைக்குப் போனோம். கடந்த இரண்டு மூன்று மாதத்து இரத்தச் சர்க்கரையைக் காட்டும் எச்பிஏ1சி பரிசோதனையில், முன்பு 7.4 ஆக இருந்தது 12ஐத் தாண்டியிருந்தது. நான்கு நாள் கழித்துச் சுண்டுவிரலை எடுத்தார்கள். பாதம் தப்பியது என்று மருத்துவர் சொன்னார். இன்னும் இரண்டு வாரம் விட்டிருந்தால் அப்படிச் சொல்லியிருக்க முடியாதாம்.

வார்டில் அப்பாவின் கட்டிலுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த இரவில், படித்ததெல்லாம் நினைவுக்கு வந்தது. ஊடகத் துறையில் பட்டம் வாங்கியவள் நான். நம் நாட்டின் 1956ஆம் ஆண்டு மருந்து விளம்பர, விற்பனைச் சட்டத்தைத் தேர்வுக்கு மனப்பாடம் செய்தவள். இருபது நோய்களின் பெயரைச் சொல்லி, இந்தப் பொருள் அவற்றைத் தீர்க்கும் என்று பொதுமக்களுக்கு விளம்பரம் செய்யக்கூடாது என்கிறது அந்தச் சட்டம். அந்த இருபதில் இனிப்பு நீரும் ஒன்று. நான் சொன்னது விளம்பரம் இல்லை, யாரிடமும் காசு வாங்கவில்லை. ஆனால் அந்தச் சட்டம் எதற்காக எழுதப்பட்டதோ அந்தக் காரணம் என் எதிரே காலில் கட்டுப் போட்டுக்கொண்டு தூங்கிக்கொண்டிருந்தது.

சுகாதார அமைச்சின் 2019ஆம் ஆண்டு தேசிய ஆய்வின்படி, மலேசியாவில் பெரியவர்களில் 18.3 விழுக்காட்டினருக்கு இரத்தத்தில் சர்க்கரை கூடுதல். ஏறக்குறைய ஐந்தில் ஒருவர். நம் இந்தியச் சமூகத்தில்தான் அந்த விழுக்காடு மற்றவர்களைவிட அதிகம். என் நிகழ்ச்சியைக் கேட்கும் வீடுகளில் எத்தனை அடுப்படி ஜன்னல்கள், எத்தனை மைலோ டின்கள்!

அப்பா வீடு திரும்பியதும் கிளினிக்குக்கு நானே கூட்டிப் போனேன். மருந்து கொடுக்கும் இடத்தில் ஓர் இளம் மலாய்ப் பெண் மருந்தாளர் இருந்தார். "அங்கிள், மூலிகை ஏதாவது குடிக்கிறீர்களா?" என்று மலாயில் கேட்டார். நான் திட்டு விழப்போகிறது என்று நினைத்தேன். அப்பா கொஞ்சம் பெருமையோடுதான் "இந்தியாப் பூ" என்றார். அந்தப் பெண் திட்டவில்லை. என்ன பூ, எத்தனை கரண்டி, எந்த நேரம் என்று கேட்டு எழுதிக்கொண்டார். பிறகு சொன்னார்: "செடி வேலை செய்யாது என்று நான் சொல்லவில்லை, அங்கிள். செய்யலாம். அதனால்தான் கேட்கிறேன். அதுவும் மாத்திரையும் சேர்ந்து வேலை செய்தால் சர்க்கரை ஒரேயடியாக இறங்கிவிடலாம். எதைக் குடித்தாலும் எங்களிடம் மறைக்காதீர்கள்."

ஆவாரம்பூவை நான் வாயளவில் புகழ்ந்தேன். அந்தப் பெண்தான் அதை ஒரு மருந்துப் பொருளாக மதித்துக் கணக்குக் கேட்டார்.

அதற்குப் பிறகுதான் நான் ஒழுங்காகப் படிக்க ஆரம்பித்தேன். ஆவாரம்பூவில் விஷயமே இல்லை என்று சொல்லிவிட முடியாது. அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் சர்க்கரை ஏற்றப்பட்ட எலிகளுக்கு ஆவாரம்பூச் சாறு கொடுத்துப் பார்த்தபோது சர்க்கரை இறங்கியிருக்கிறது. அந்த ஆய்வு 2002இல் நம் பக்கத்து நாட்டுச் சிங்கப்பூர் மருத்துவ இதழில் வெளியானது. ஆனால் அது எலி. கூண்டில், அளந்த உணவோடு, அளந்த சாற்றோடு இருந்த எலி. அப்பா குடித்தது ஒரு கைப்பிடி. சில நாள் இரண்டு கைப்பிடி. சித்த மருத்துவத்திலும் ஆவாரைக் குடிநீர் என்பது வெறும் ஆவாரம்பூ டீ இல்லை. கொன்றை, நாவல், மருதம் என்று வேறு சரக்குகளும் அளவோடு சேர்வது. நாடி பார்த்துக் கொடுக்கும் வைத்தியர் ஒருவர் எதிரே இருப்பார். வானொலியில் என் எதிரே ஒலிவாங்கிதான் இருந்தது.

படித்ததில் என்னை உலுக்கியது வேறொரு செடி. ஐரோப்பாவில் கலேகா என்று ஒரு செடி உண்டு. ஊதாப் பூ. அதுவும் அவரைக் குடும்பம்தான். அடிக்கடி சிறுநீர் போகும் நோய்க்கு அங்கே அந்தக் காலத்தில் கொடுத்திருக்கிறார்கள். அதையே மேய்ந்த ஆடுகள் செத்தும் போயிருக்கின்றன. அதில் சர்க்கரையை இறக்கும் பொருள் எது என்று கண்டுபிடித்து, 1920களில் மனிதருக்குக் கொடுத்துப் பார்த்து, நஞ்சு அதிகம் என்று கைவிட்டார்கள். அதே வகையைச் சேர்ந்த இன்னொரு வேதிப்பொருளை 1922இல் டப்ளினில் செய்து காட்டினார்கள். முப்பத்தைந்து வருடம் கழித்து, 1957இல், ஜோன் ஸ்டெர்ன் என்ற பிரெஞ்சு மருத்துவர் அதை இனிப்பு நீர் நோயாளிகளுக்குக் கொடுத்துக் கிடைத்த பலனை வெளியிட்டார்.

அந்தப் பொருளின் பெயர் மெட்ஃபோர்மின்.

அப்பா மைலோ டின்னில் போட்டு வைத்த மாத்திரையும், அவர் கொதிக்க வைத்துக் குடித்த பூவும் தூரத்துச் சொந்தம்! 'இங்கிலீஷ் மருந்து' என்று நாம் தள்ளி வைப்பதற்கும் ஒரு செடிதான் பூர்வீகம். நடுவில் பல வருட உழைப்பு இருக்கிறது. எவ்வளவு கொடுத்தால் மருந்து, எவ்வளவு கொடுத்தால் நஞ்சு, சிறுநீரகம் பழுதானவருக்குக் கொடுக்கலாமா என்று பார்த்துப் பார்த்து எழுதி வைத்த கணக்கு அது. ஆவாரைக்கு அந்தக் கணக்கு இன்னும் முழுதாக எழுதப்படவில்லை.

இதை வானொலியிலேயே சொல்ல வேண்டும் என்று முடிவு செய்தேன். உடன் பணிபுரிகிறவர் ஒருவர் தயங்கினார். "யாரும் புகார் பண்ணலையே. நீங்களா எதுக்குக் கிளறணும்?" என்றார். புகார் செய்யாதவர்களை நினைத்துத்தான் எனக்குப் பயம்.

அந்த நாள்களில் சங்கப் பாடல்களில் ஆவிரை வரும் இடங்களையும் தேடிப் படித்துக்கொண்டிருந்தேன். குறிஞ்சிப்பாட்டில் வரும் பூக்களின் நீண்ட பட்டியலில் அது உண்டு. குறுந்தொகையில் மடலேறும் இளைஞன் வருகிறான். காதலித்த பெண் கிடைக்காதவன் பனை மடலில் குதிரை செய்து, ஆவிரம்பூ மாலை சூட்டி, அதில் ஏறித் தெருவில் வருவேன் என்கிறான். ஊர் சிரித்தால் சிரிக்கட்டும், மனதில் இருப்பதை ஊரறியச் சொல்வது அது. அந்தப் பூவைச் சூடினவன் தன் மானத்தைப் பணயம் வைத்துப் பேசினான். நான் ஊரறியப் பேசியதற்கு அப்பாவின் கால்விரல் பணயமாகப் போனது.

ஒரு வியாழக்கிழமை காலை, அதே நேரத்தில், நான்கு நிமிடம் பேசினேன். பின்னணி இசை வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். நான் சொன்னது தவறு, அதை நம்பி மாத்திரையை நிறுத்தியவர் ஒருவருக்கு விரல் போய்விட்டது, அவர் என் அப்பா என்றேன். ஆவாரம்பூ குடிப்பவர்கள் மாத்திரையை நிறுத்த வேண்டாம், குடிப்பதை மருத்துவரிடம் சொல்லுங்கள், எந்த மூலிகைப் பொருளை வாங்கினாலும் சுகாதார அமைச்சின் 'மால்' பதிவு எண் இருக்கிறதா என்று பாருங்கள் என்றேன். குரல் ஓரிடத்தில் உடைந்தது. நிறுத்தி, மூச்சு வாங்கி, தொடர்ந்தேன்.

அழைப்புகள் வந்தன. ரவாங்கிலிருந்து ஓர் அக்கா, "என் வீட்டுக்காரரும் நிறுத்திட்டார் தங்கச்சி. இப்பவே கிளினிக்குக்குக் கூட்டிட்டுப் போறேன்" என்று சொல்லிவிட்டு, பாட்டு விருப்பம்கூடக் கேட்காமல் வைத்துவிட்டார். செந்தூலிலிருந்து ஒரு பெரியவர் கோபமாக வந்தார். "நம்ம முன்னோர் மருந்தை நீங்களே தாழ்த்திப் பேசலாமாம்மா?"

"தாழ்த்தலைங்க ஐயா. உங்க அம்மா அப்பா ஊர்ல ஆவாரையை எப்படிச் சாப்பிட்டிருப்பாங்க?"

கொஞ்ச நேரம் சத்தமில்லை. "பறிச்ச உடனே, பாசிப்பருப்போட கூட்டு வைப்பாங்கன்னு அம்மா சொல்வாங்க. கேழ்வரகுக் களியோட" என்றார்.

"களி தின்னுட்டு எங்கே போவாங்க?"

"காட்டு வேலைக்குத்தான்." பிறகு அவரே சிரித்துவிட்டார். "நான் ரொட்டி சானாய் தின்னுட்டு நாற்காலியில உட்கார்ந்திருக்கேன்."

அந்தப் பழமொழி பொய் என்று நான் நினைக்கவில்லை. அந்தச் செடிக்குப் பக்கத்தில், வெயிலில், நாள் முழுக்க உழைத்து வாழ்ந்தவர்கள் சொன்னது. பையில் வந்த காய்ந்த பூவோடு அந்த வாழ்க்கையும் சேர்ந்து வந்துவிடும் என்று நினைத்தது நம் தவறு.

போன வருடம் தமிழ்நாட்டுக்குப் போனேன். திருச்செங்கோட்டிலிருந்து நாமக்கல் போகும் வழியில் வண்டியை நிறுத்தச் சொல்லி இறங்கினேன். சாலையோரக் கற்களுக்கு நடுவில், இடுப்பு உயரத்தில், தூசி படிந்த இலைகளோடு, கண்ணைப் பறிக்கும் மஞ்சளில் ஆவாரை நின்றது. ஓட்டுநர் தம்பி, "இதுக்கா நிறுத்தச் சொன்னீங்க? எங்க பார்த்தாலும் கிடக்குமே" என்றார். பக்கத்தில் போய்ப் பார்த்தேன். ஒவ்வோர் இலைக்காம்பும் தண்டில் சேரும் இடத்தில், காது மடல் மாதிரி வட்டமாக ஒரு சின்ன இலைச் செதில். அதனால்தான் அதன் தாவரப் பெயரிலேயே 'காதுள்ளது' என்று பொருள்படும் ஆரிகுலாட்டா என்ற லத்தீன் சொல் இருக்கிறது. பட்டையைத் தோல் பதனிடப் பயன்படுத்துவார்கள் என்றும், தெலங்கானாவில் அது மாநில மலர் என்றும், இலங்கையில் ரணவரா என்ற பெயரில் தேநீராகக் குடிக்கிறார்கள் என்றும் படித்திருந்தேன். ஆனால் என்னை அங்கே நிற்க வைத்தது அந்தக் காதுகள்தான். வாயால் பிழைக்கிறவள் நான்.

ஒரு பூவைக் கிள்ளி முகர்ந்தேன். பாட்டி இருந்திருந்தால் அவர் உள்ளங்கையில் வைத்திருப்பேன்.

இந்த வருடப் பொங்கலுக்கு முதல் நாள் கிள்ளானில் இருந்தேன். அப்பா இப்போது முன்பக்கம் மூடிய காலணி போட்டு, கொஞ்சம் சாய்ந்து நடக்கிறார். மைலோ டின் போய், நாள் வாரியாக ஏழு அறை வைத்த மாத்திரைப் பெட்டி வந்திருக்கிறது. காலையிலேயே எங்கோ போய் ஒரு கொத்துக் கெலெங்காங் பூ ஒடித்து வந்திருந்தார். வேப்பிலையோடு சேர்த்து வாழைநாரால் கட்டி, வாசல் இரும்புக் கதவில் செருகச் சொன்னார். நான் நாற்காலியில் ஏறிச் செருகினேன்.

"ஆவாரம்பூ இல்லையாப்பா?"

"அடுப்படியில ஒரு பை இருக்கு. குடிக்கலாமான்னு அந்தக் கிளினிக் பொண்ணுகிட்ட கேட்டேன். வாரத்துல ரெண்டு நாள், ஒரு டம்ளர், குடிச்ச நாள்ல சர்க்கரை பார்த்து எழுதி வைக்கச் சொல்லுச்சு."

சமையலறைச் சுவரில் நாள்காட்டி தொங்கியது. சில தேதிகளில் மட்டும் மஞ்சள் பேனாவால் ஒரு பூ வரைந்து, பக்கத்தில் எண் எழுதியிருந்தார். 7.1. 6.8. 7.3. பூ வரையாத தேதிகளிலும் எண்கள் ஏறக்குறைய அப்படித்தான் இருந்தன.

அவருக்கும் அது தெரிந்திருக்கும். நான் எதுவும் சொல்லவில்லை. கெண்டியில் தண்ணீர் கொதித்தது. அவருக்கு ஒரு டம்ளர், எனக்கு ஒரு டம்ளர். லேசான துவர்ப்பு.